கடல் வருவதற்கு முன்

கடப்பாக்கத்துக்கு வடக்கே சவுக்குத் தோப்பு முடிகிற இடத்தில், கடலைப் பார்த்தபடி ஒரு பழைய பங்களா இருந்தது. வெள்ளைக்காரன் காலத்தில் உப்பு அதிகாரி ஒருவர் குடியிருந்த வீடு. 1952-ஆம் வருஷம் அதன் வாசலில் 'காலப் பிரயாணக் கலாசாலை' என்று ஒரு பலகை ஏறியது. குப்பத்து ஜனங்களுக்கு அந்தப் பெயர் வாயில் நுழையவில்லை. உள்ளே பதினேழு சுவர்க் கடியாரங்கள் ஒன்றோடொன்று போட்டி போட்டு ஓடிக்கொண்டிருந்ததால் 'கடியாரக் காலேஜ்' என்றார்கள். கடியாரம் ரிப்பேர் செய்யச் சொல்லிக்கொடுக்கிறார்கள் போலிருக்கிறது என்று எண்ணி, செய்யூரிலிருந்து ஒருவர் நின்றுபோன டைம்பீஸைக் கொண்டுவந்து கொடுத்ததும் உண்டு. பாவம் என்று யாரோ அதைச் சரிசெய்தும் கொடுத்தார்கள்.

அந்தக் கலாசாலைக்கு ஜெசிந்தா நர்ஸாக வந்தது 1955 தை மாதத்தில். கருங்குழிப் பக்கம் அடுத்தவர் நிலத்தில் நாற்று நட்டுப் பிழைத்த குடும்பத்துப் பெண். மிஷன் பள்ளிக்கூடத்தில் படித்து, செங்கல்பட்டில் ஓர் ஆஸ்பத்திரியின் பிரசவ வார்டில் பத்து வருஷம் வேலை பார்த்தவள். வயது முப்பத்தாறு. கல்யாணம் செய்துகொள்ளவில்லை. ஏன் என்று கேட்டால், "தெனம் அதோட முடிவத்தான பாத்துகினு இருந்தேன்" என்று சிரித்துவிடுவாள்.

கலாசாலைத் தலைவர் ஆராவமுதன் மதுராந்தகத்துக்காரர். சென்னைக் கல்லூரி ஒன்றில் பௌதிகப் பேராசிரியராக இருந்து ஓய்வு பெற்றவர். நெற்றியில் திருமண், காதில் பென்சில், எந்நேரமும் ஏதோ கணக்கில் பாதியில் நிற்கிற பார்வை. வேலைக்கு எடுக்கும் முன் ஜெசிந்தாவிடம் அவர் கேட்டது ஒரே கேள்வி.

"ஆச்சரியமான சமாசாரம் எதையாவது பாத்தா உங்களுக்குப் படபடப்பு வருமோ?"

"பிரசவ வார்டுல இருந்தவ சார் நான். அங்க தெனம் ஆச்சரியந்தான். படபடத்துகினு இருந்தா வேல ஆவுமா?"

மறுநாளே கடலைப் பார்த்த ஜன்னலோடு அவளுக்கு ஓர் அறை கிடைத்துவிட்டது.

அங்கே படித்த ஒன்பது மாணவர்களும் வித்தியாசமான பாடங்கள் படித்தார்கள். நட்சத்திரங்களைப் பார்த்து வருஷம் கணிப்பது ஒரு பாடம். வெறுங்காலோடு முள் நிலத்தில் சத்தமில்லாமல் நடப்பது ஒரு பாடம். அசையாமல், எதையும் தொடாமல், ஒரு மணி நேரம் உட்கார்ந்து பார்த்ததை ஒன்று விடாமல் எழுதுவது இன்னொன்று. எல்லாவற்றுக்கும் மேலாக ஒரு விதி உண்டு. அதைக் கூடத்துச் சுவரில் கரியால் எழுதி வைத்திருந்தார் ஆராவமுதன்: 'நாம் பார்ப்பவர்கள்; தொடுபவர்கள் அல்ல.'

ஜெசிந்தாவின் வேலை இந்த விதியோடு சேர்ந்ததுதான். போகிறவர்களுக்குச் சளியோ சுரமோ சிரங்கோ இருக்கிறதா என்று பார்க்க வேண்டும். நம் காலத்து நோய் எதுவும் அந்தக் காலத்துக்குப் போய்விடக் கூடாது. ஒரு தும்மல் போட்டாலும் பத்து நாளைக்குப் பயணம் கிடையாது என்று அவள் கண்டிப்பாகச் சொல்லிவிடுவாள். கார்பாலிக் சோப்பு போட்டுக் குளிக்க வைத்து, பித்தான்கூட இல்லாத வெள்ளைத் துணியைக் கட்டச் சொல்லித்தான் அனுப்புவாள். திரும்பி வந்ததும் நாடி பார்ப்பாள்.

எங்கே போகிறார்கள் என்பது முதல் வருஷம் அவளுக்கு முழுசாக விளங்கவில்லை. அப்போது யாரும் எங்கேயும் போகவுமில்லை. நடுக்கூடத்தில் பதினோரு அடி அகலத்துக்குச் செப்புக் கம்பி வளையம் ஒன்று பதித்திருந்தது. பின்கட்டில் ஓர் ஆயில் இன்ஜின். பக்கிங்காம் கால்வாயில் படகில் வந்து இறங்கியது. அதை ஓட்டுகிறவர் முனிசாமி. குப்பத்துக்காரர், விசைப்படகே வராத ஊரில் இன்ஜின் ஓட்டத் தெரிந்த ஒரே ஆள். இன்ஜின் ஓடும், வளையம் ரீங்காரம் போடும், நடுவில் வைத்த தேங்காய் வைத்தபடி இருக்கும். இப்படியே மூன்று வருஷம்.

1955 ஐப்பசியில் ஒரு நாள் தேங்காய் மறைந்தது. இன்ஜினை நிறுத்தியதும் திரும்பி வந்தது. அதன் குடுமியில் இந்தப் பக்கம் யாரும் பார்த்திராத ஒரு புல் ஒட்டிக்கொண்டிருந்தது. பிறகு ஓர் ஆட்டைக் கட்டி அனுப்பினார்கள். ஆடு மென்றுகொண்டே வந்தது.

மாசி மாதம் முதல் ஆளாகப் போனவன் வாசுதேவன். சூனாம்பேட்டுக்காரன், அவன் குடும்பத்தில் பள்ளிக்கூடம் தாண்டி பி.எஸ்ஸி. படித்த முதல் ஆள், கலாசாலையில் ஆசிரியனும்கூட. நாலு நிமிஷம் போய்விட்டு வந்தான். ஜெசிந்தா அவன் மணிக்கட்டைப் பிடித்தாள். நாடி ஒழுங்காகத்தான் இருந்தது. ஆனால் அன்று அவன் சாப்பிட வரவில்லை. சாயங்காலம் வராந்தாவில் கடலையே வெறித்துக்கொண்டிருந்தவன், அவள் பக்கம் திரும்பி, "கடல் இல்ல சிஸ்டர்" என்றான்.

"இன்னாது?"

"அங்க கடல் இல்ல. இதோ இங்கதான் நின்னேன். கண்ணு போற மட்டும் புல்லு. கடலே இன்னும் வரல."

நட்சத்திரம் பார்க்கிற மாணவர்கள் கணக்குப் போட்டார்கள். இருபதாயிரம் வருஷத்துக்குக் குறையாது என்றார் ஆராவமுதன். உலகத்துத் தண்ணீரில் ஒரு பங்கு பனியாக உறைந்து கிடந்த காலம் அது. கடல் மூன்று நாலு காதத்துக்கு அப்பால் விலகிக் கிடந்திருக்கும் என்று விளக்கினார். வளையம் எப்போது திறந்தாலும் அந்த ஒரே காலத்துக்குத்தான் திறந்தது. இங்கே ஒரு நாள் கழிந்தால் அங்கேயும் ஒரு நாள் கழிந்திருந்தது. போகிறவர், இங்கே வளையம் இருக்கும் அதே இடத்தில் அங்கே போய் நிற்பார். அந்த இடத்தைச் சுற்றி வெள்ளைக் கூழாங்கல் அடுக்கி அடையாளம் வைத்தான் வாசுதேவன். இன்ஜின் நிற்கும்போது அந்தக் கல் வட்டத்துக்குள் இருக்க வேண்டும். வெளியே இருந்தால் என்ன ஆகும் என்று யாரும் சோதித்துப் பார்க்கவில்லை. ஒரு தடவைக்கு ஒரு ஆள்தான். நாற்பது நிமிஷத்துக்கு மேல் இன்ஜின் தாங்காது; ஓடிய பிறகு இரண்டு மணி நேரம் ஆற வேண்டும். நிறுத்துவதற்கு முன் முனிசாமி மூன்று தரம் வேகத்தைக் குறைத்து ஏற்றுவார். அங்கே நிற்பவருக்கு உள்ளங்காலில் மூன்று தரம் கூசும். புறப்படு என்று அர்த்தம். அவர் வட்டத்துக்குள் நின்று கால் தட்டினால் இங்கே வளையம் அதிரும்.

பங்குனியில் அங்கே மனிதர்கள் வந்தார்கள்.

பதினாலு பேர் கொண்ட ஒரு கூட்டம். வட்டத்துக்குக் கிழக்கே நூறு தப்படியில் ஒரு பெரிய மரத்தடியில் தோலும் கிளையுமாகக் குடில் போட்டுத் தங்கினார்கள். மரத்துக்கு அருகே இருந்த ஆளுயரக் கறையான் புற்று ஒன்றின் பின்னால் ஒளிந்து நின்று மாணவர்கள் பார்த்தார்கள். கல்லைத் தட்டிச் சில்லு எடுக்கிறார்கள். ஆளைவிட உயரமான ஒரு பறவையின் முட்டையோட்டைத் துளைத்து மணி கோக்கிறார்கள். ஒருவன் ஏதோ சொல்ல மற்றவர்கள் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரிக்கிறார்கள். என்ன சொன்னான் என்று தெரியவில்லையே என்று அன்று குறிப்பெழுதிய மாணவன் ராத்திரிச் சோறு இறங்காமல் தவித்தான்.

அந்தக் கூட்டத்தில் ஒரு பெண் மாசமாக இருந்தாள். குறிப்பேடுகளில் அவள் 'கர்ப்பிணி'. சமையல்கட்டிலும் இன்ஜின் கட்டிலும் அவள் சொந்தக்காரியாகவே ஆகிவிட்டாள். "நம்ம புள்ளத்தாச்சி எப்டி கீது?" என்று முனிசாமி கேட்காத நாள் இல்லை. வயிறு இறங்கிவிட்டதா, கால் வீங்கியிருக்கிறதா என்று ஜெசிந்தா கேட்பாள். மாணவர்கள் இப்படியெல்லாம் கவனித்துப் பழகாதவர்கள். போகும்போது அவள் கேள்விகளைத் துண்டுத் தாளில் எழுதி மனப்பாடம் செய்துகொண்டு போனார்கள்.

ஆவணி மாதம் ஒரு வியாழக்கிழமை காலை ஒன்பது மணிக்குப் போய் வந்த வாசுதேவன், வலி கண்டுவிட்டது என்றான். கலாசாலையே பரபரத்தது. இன்ஜின் ஆறியதும், பதினொன்றரைக்கு மறுபடி அவனே போனான். பத்தே நிமிஷத்தில் வட்டத்துக்குள் வந்து நின்று கால் தட்டினான். வளையம் அதிர்ந்ததைக் கண்டு முனிசாமி இன்ஜினை நிறுத்தினார். திரும்பி வந்தவன் முகம் வெளுத்திருந்தது.

"சிஸ்டர், தண்ணிக்கொடம் உடைஞ்சிபோச்சி. ஆனா தல வரல. கை வந்துகீது."

ஜெசிந்தா எழுந்து நின்றாள். "எந்தக் கை? எம்மாம் தூரம்?"

"முழங்கை மட்டும். சின்ன வெரலு. அசையுது."

கூடத்தில் இருந்த ஆண்களில் ஒருவருக்கும் அதன் அர்த்தம் தெரியாது. அவளுக்குத் தெரியும். குழந்தை குறுக்கே கிடக்கிறது. யாராவது கையை உள்ளே விட்டுத் திருப்பாவிட்டால் அது வெளியே வராது; வராவிட்டால் பொழுது சாய்வதற்குள் இரண்டு உயிரும் போய்விடும். குடம் உடைந்து நேரமாகிவிட்டால் திருப்பவும் முடியாது. அப்படித் திருப்பியதை அவள் டாக்டர் பக்கத்தில் நின்று இரண்டு தரம் பார்த்திருக்கிறாள். தனியாக ஒரே ஒரு தரம் செய்திருக்கிறாள்.

"முனிசாமி அண்ணாத்த, இன்ஜின் இப்பவே மறுபடி ஓடுமா?"

"ஜெசிந்தா!" என்றார் ஆராவமுதன். அவர் குரல் உயர்ந்து அதுவரை யாரும் கேட்டதில்லை. "என்ன பேசறேள் நீங்க? நாம பாக்கறவா. அந்தக் கூட்டத்துல மொத்தமே பதினாலு பேர். அவா வம்சம் பரவிப் பரவி இன்னிக்கு எத்தனை லட்சம் பேரோ? அங்க ஒரு உசிரு கூடினாலும் கொறைஞ்சாலும் இங்க யார் இருப்பா, யார் இல்லாம போவான்னு யாரால சொல்ல முடியும்? நீங்களே இல்லாம போயிடலாம். இந்தக் கூடமே இல்லாம போயிடலாம்."

அவர் பயந்திருந்தார். தனக்காகப் பயப்படவில்லை என்பது ஜெசிந்தாவுக்குத் தெரிந்தது. அதனால் அவளும் மரியாதையாகவே கேட்டாள்.

"நான் போனா மாறிப்பூடும்ன்றீங்க. நான் போவாததால மாறிப்பூட்டா இன்னா சார் பண்ணுவீங்க?"

"என்ன?"

"நான் போனதா, போவாததா, எது நடந்ததுன்னு நமக்குத் தெரியாது இல்ல? அந்தப் பதினேழு கடியாரத்துல ஒண்ணாவது சொல்லுதா?"

ஆராவமுதன் கடியாரங்களைத் திரும்பிப் பார்த்தார். அவள் அதற்குள் வாளித் தண்ணீரில் முழங்கை வரை கார்பாலிக் சோப்பு போட்டுத் தேய்க்க ஆரம்பித்துவிட்டாள்.

"சூடாக் கீது நர்ஸம்மா" என்று பின்கட்டிலிருந்து முனிசாமி குரல் கொடுத்தார். "தண்ணி ஊத்திகினே இருந்தா அர மணி நேரம் தாங்கும். மேல போனா நான் கேரண்டி இல்ல."

"அர மணி நேரம் நிச்சியமா?"

"நிச்சியம்."

"மாதா மேல சத்தியமா?"

"உங்க மாதா மேலயும் சத்தியம், எங்க கன்னியம்மா மேலயும் சத்தியம். நீ கெளம்பு."

மாணவர்கள் கிணற்றுக்கு ஓடினார்கள். ஜெசிந்தா கொட்டாங்குச்சியில் தேங்காயெண்ணெய் எடுத்துக்கொண்டாள். முறுக்கிய பருத்தி நூல் இரண்டு துண்டை வெந்நீரில் போட்டு எடுத்தாள். வளையத்துக்குள் கால் வைத்தபோது ஆராவமுதன் எதிரில் வந்து நின்றார். தடுக்கப் போகிறார் என்று நினைத்தாள். அவர் கையை நீட்டி, "கழுத்துல சிலுவை இருக்கு. உலோகம் போகக் கூடாது" என்றார். அவள் சங்கிலியைக் கழற்றி அவர் உள்ளங்கையில் வைத்தாள். அவர் விரல்களை மூடிக்கொண்டார்.

அப்போது பதினேழு கடியாரங்களிலும் மணி பன்னிரண்டு அடிக்கப் பத்து நிமிஷம் இருந்தது.

காதுதான் முதலில் உணர்ந்தது. ஒன்றரை வருஷமாக இரவும் பகலும் கேட்டுக்கொண்டிருந்த அலைச் சத்தம் நின்றுபோயிருந்தது. அந்தச் சத்தம் நிற்கக்கூடிய ஒன்று என்றே அவளுக்கு அதுவரை தோன்றியதில்லை. மார்கழிக் காலைபோல் குளிர்ந்த, உப்பே இல்லாத காற்று முகத்தில் பட்டது. எதிரே, கட்டுமரங்கள் மிதக்க வேண்டிய இடத்தில், பழுத்த புல் வானம் முடிகிற வரை அசைந்துகொண்டிருந்தது. வெகு தூரத்தில் யானைகள் வரிசையாகப் போயின. அவை போய்க்கொண்டிருந்தது கடலின் அடித்தரையில். ஆறு மாதமாக வாசுதேவன் வாயால் கேட்டதுதான். கேட்டது ஒரு துளிகூட இதற்குத் தயார் செய்திருக்கவில்லை. ஒரே ஒரு மூச்சு நேரம் அவள் அதைப் பார்த்தாள். "கர்த்தரே" என்று வாய் சொன்னது. பைபிள் சங்கீதத்தில் வருகிற ஆழங்களெல்லாம் வெட்டவெளியாகக் கிடந்தன.

மரத்தடியிலிருந்து முனகல் வந்தது. செங்கல்பட்டு வார்டில் ஆயிரம் தரம் கேட்ட முனகல். கால்கள் தாமாக ஓடின.

அந்தப் பெண் தோல் விரிப்பில் மண்டியிட்டு மரவேரைப் பிடித்துக்கொண்டிருந்தாள். இருபது வயதுகூட இராது. கறுப்பு, சுருண்ட முடி, கழுத்தில் முட்டையோட்டு மணி. கருங்குழிக் களத்து மேட்டில் நிறுத்தினால் யாரும் வேற்றாள் என்று சொல்ல மாட்டார்கள். பின்னால் தாங்கிப் பிடித்திருந்த மூத்தவள் ஜெசிந்தாவைக் கண்டதும் அலறிக்கொண்டு கழியைத் தூக்கினாள். கொஞ்சம் தள்ளி இரண்டு ஆண்கள் முதுகைக் காட்டி உட்கார்ந்திருந்தார்கள். ஆஸ்பத்திரி வராந்தாவில் உட்கார்கிற புருஷன்மார் உட்கார்வதைப் போலவே. அலறல் கேட்டு அவர்களும் ஈட்டியோடு எழுந்தார்கள்.

ஜெசிந்தா அப்படியே புல்லில் உட்கார்ந்துவிட்டாள். இரண்டு உள்ளங்கைகளையும் விரித்துக் காட்டினாள். "ஒண்ணும் இல்லம்மா. ஒண்ணும் இல்ல. ஒண்ணும் இல்ல" என்று வார்டில் சொல்கிற அதே இழுப்பில் சொன்னாள். பிறகு, வெளியே தொங்கிக்கொண்டிருந்த அந்தச் சின்னக் கையைச் சுட்டினாள். தன் கையைச் சுட்டினாள். காற்றில் திருப்பிக் காட்டினாள்.

மூத்தவள் அவளையே பார்த்தாள். அந்தப் பார்வையில் பயத்தைத் தாண்டி இன்னொன்று இருந்ததை ஜெசிந்தா கண்டுகொண்டாள். ஏற்கெனவே கைவிட்டுவிட்ட ஒருத்தியின் பார்வை அது. கழி கீழே இறங்கியது. அவள் ஆண்களைப் பார்த்து ஒரு சொல் சொன்னாள். அவர்கள் நின்ற இடத்திலேயே நின்றார்கள்.

பிறகு எதையும் நினைக்க நேரமில்லை. எண்ணெயை முழங்கை வரை பூசிக்கொண்டாள். பெண்ணை மல்லாக்கப் படுக்க வைத்து, ஒரு வலி போய் அடுத்த வலி வருவதற்குள் கையை உள்ளே செலுத்தினாள். கண் அங்கே உதவாது, விரல்தான் கண். தோள், விலா, முதுகு, அதைத் தொடர்ந்து கீழே. ஒரு சின்னப் பாதம் அகப்பட்டது. பாதமா, இன்னொரு கையா? குதிகால் இருந்தால் பாதம். விரலால் தடவினாள். குதிகால் இருந்தது. அடுத்த வலி வந்து அவள் மணிக்கட்டை நெரித்தது. கத்தாமல் பல்லைக் கடித்துக்கொண்டு காத்திருந்தாள். வலி தளர்ந்தது. வெளிக்கையால் வயிற்றைத் தள்ளி, உள்கையால் பாதத்தை மெதுவாக இழுக்க, வெளியே தொங்கிய கை தானாக உள்ளே ஏறியது. குழந்தை திரும்பியது. மண்ணுக்குள் கிழங்கு புரள்வது போன்ற அந்த அசைவு அவள் விரல் வழியாகத் தோளுக்கு ஏறியது.

"முக்கும்மா! இப்ப முக்கு!"

மூத்தவள் அந்தக் குரலைப் புரிந்துகொண்டு தன் பாஷையில் அதையே கத்தினாள். கால் வந்தது. இடுப்பு வந்தது. தோள்களை ஒவ்வொன்றாக எடுத்தாள். கடைசியில் தலை.

பெண் குழந்தை. நீலம் பாய்ந்து, துவண்டு கிடந்தது.

ஜெசிந்தா அதன் வாயில் வாய் வைத்துச் சளியை உறிஞ்சித் துப்பினாள். முதுகைத் தேய்த்தாள். ஒன்றுமில்லை. மெல்ல ஊதினாள், கன்னத்தில் அடங்குகிற அளவு மூச்சு. மறுபடி. மறுபடி. தன் மூச்சு இருபதாயிரம் வருஷம் தாண்டி வந்த மூச்சு என்பது அப்போதுதான் சுருக்கென்று உறைத்தது. உள்ளங்காலில் கூச்சம் எடுத்தது. ஒன்று. இரண்டு. மூன்று. முனிசாமி கூப்பிடுகிறார்.

அவள் நாலாவது தரம் ஊதினாள்.

குழந்தை முகத்தைச் சுளித்தது. வாய் கோணியது. பிறகு அழுதது. அலை இல்லாத, அந்தப் பெரிய நிசப்தத்தில் அதன் குரல் எங்கும் முட்டாமல் போய்க்கொண்டே இருந்தது. ஈட்டிக்காரர்களில் ஒருவன் தரையில் பொத்தென்று உட்கார்ந்தான். அவன்தான் தகப்பன் என்பதைச் சொல்ல யாரும் தேவைப்படவில்லை.

நூலால் தொப்புள்கொடியை இரண்டு இடத்தில் கட்டினாள். அறுக்க ஒன்றுமில்லாமல் சுற்றிப் பார்த்தபோது மூத்தவள் ஒரு கல்லை எடுத்து இன்னொரு கல்லில் ஒரே தட்டுத் தட்டி, புதுச் சில்லு ஒன்றை நீட்டினாள். ஆஸ்பத்திரிக் கத்தரி எதுவும் அப்படி வெட்டியதில்லை. நஞ்சுக்கொடி இறங்கும் வரை புறப்பட மனம் வரவில்லை. கால் மறுபடி மூன்று தரம் கூசியது. அடிவயிற்றைத் தேய்த்துக்கொண்டே இருந்தாள். கர்ப்பப்பை கையடியில் கல்லாக இறுகியது. கொடி முழுசாக வந்தது. ரத்தம் நின்றது. குழந்தையைத் தாயின் மார்பில் வைத்தாள்.

தாய் ஜெசிந்தாவைப் பார்த்தாள். களைத்துப்போன, நேரான பார்வை. கையை நீட்டி ஜெசிந்தாவின் மணிக்கட்டைப் பிடித்து, முகர்ந்து பார்த்தாள். கார்பாலிக் வாசனை அவளுக்கு என்னவாகப் பட்டதோ, மூக்கைச் சுருக்கினாள். இரண்டு பேருமே சிரித்துவிட்டார்கள்.

ஜெசிந்தா எழுந்து ஓடினாள். நூறு தப்படி. கூழாங்கல் வட்டத்துக்குள் விழுந்தபோது புல் போய், கூடத்துத் தரை முகத்தில் இடித்தது. அலைச் சத்தம் தலையில் கொட்டியது. பின்கட்டில் ஏதோ படாரென்று வெடித்து இன்ஜின் நின்றுபோயிருந்தது.

"முப்பத்தெட்டு நிமிஷம்!" என்று வாசுதேவன் கத்தினான். முனிசாமி ஓடிவந்து எட்டிப் பார்த்தார். இரண்டு கையும் கொப்பளித்திருந்தன. "இன்னா ஆச்சி? இன்னா ஆச்சி நர்ஸம்மா?"

"பொண்ணு" என்றாள் அவள். அப்போதுதான் அழுகை வந்தது.

ஆராவமுதன் அவள் அருகில் தரையில் உட்கார்ந்தார். சிலுவை இன்னும் அவர் கையில்தான் இருந்தது. "உங்க ஊர் எதும்மா?" என்று கேட்டார்.

"கருங்குழி சார்."

"அங்கேர்ந்து மதுராந்தகம் ஏரி எத்தனை மைல்?"

சொன்னாள். அவர் ஒவ்வொருவராகக் கேட்டார். உன் தாயார் பேர் என்ன? செங்கல்பட்டிலிருந்து காலை வண்டி எத்தனை மணிக்கு? வெள்ளிக்குப் பிறகு என்ன கிழமை? எல்லோரும் சொன்னார்கள். எல்லாம் அவர் நினைவோடு ஒத்துப்போனது. சுவரைப் பார்த்தார், கடியாரங்களை எண்ணினார்.

"அல்லாம் அப்டியேதான் கீது சார்" என்றார் முனிசாமி.

"ஆமாம்" என்றார் ஆராவமுதன். பிறகு மெதுவாக, தனக்குத்தானே சொல்வதுபோலச் சொன்னார். "ஒண்ணும் மாறலை. அப்போ என்ன அர்த்தம்? அந்தக் குழந்தை எப்பவுமே பொழைச்சிருக்கு. நீங்க எப்பவுமே போயிருக்கேள். நீங்க பொறக்கறதுக்கு முன்னாடி, ராஜாக்களுக்கெல்லாம் முன்னாடி, இந்தக் கடல் வர்றதுக்கே முன்னாடி நீங்க அங்க போயாச்சு. நான்தான் இத்தனை நாளா நாமெல்லாம் வெளியில நின்னு பாத்துண்டிருக்கோம்னு நெனச்சிண்டிருந்தேன்." அவருக்கு உடம்பு சிலிர்த்துக்கொண்டிருந்தது. அவள் வழக்கம்போல அவர் மணிக்கட்டைப் பிடித்து நாடி பார்த்தாள். ஓடிக்கொண்டிருந்தது, குதிரை மாதிரி.

சாயங்காலம் ஜெசிந்தா கரைக்குப் போனாள். பங்களாவிலிருந்து கிழக்கே தப்படி எண்ணிக்கொண்டே நடந்தாள். எழுபதில் ஈர மணல். எண்பதில் அலை காலை நனைத்தது. நூறாவது தப்படி இருக்க வேண்டிய இடத்தில் இடுப்பளவுத் தண்ணீர் புரண்டுகொண்டிருந்தது. அதன் அடியில்தான் அந்த மரம் நின்றது. அதன் அடியில்தான் அந்தக் குரல் முதல் தரம் கேட்டது. குப்பத்து ஜனங்கள் பெரிய வலையைக் கரையேற்றிக்கொண்டிருந்தார்கள். ஏலேலோ போட்டு இழுத்தவர்கள் முகங்களை ஒவ்வொன்றாகப் பார்த்தாள். நெற்றியை, காதை, சிரிக்கும்போது மூக்கு சுருங்குகிற விதத்தை. பார்க்கப் பார்க்க எல்லோருமே தெரிந்தவர்களாகத் தோன்றினார்கள்.

கூடையோடு நின்ற வேண்டா, முனிசாமியின் தங்கை, பக்கத்தில் வந்தாள். "இன்னா நர்ஸம்மா, தண்ணிய இப்டி பாத்துகினு கீற?"

"ஒரு பிரசவம் பாத்துட்டு வந்தேன். கஷ்டமான பிரசவம்."

"ஐயோ. தாயும் புள்ளையும்?"

"நல்லாக் கீறாங்க" என்றாள் ஜெசிந்தா. சொல்லிவிட்டு அந்தச் சொல்லின் மேலேயே நின்றாள்.

வெடித்த இன்ஜினைச் சரிசெய்ய ஒன்பது நாள் ஆயிற்று. சென்னையிலிருந்து ஆள் வந்து புது மூடி போட்டான். சுவரில் கரியால் எழுதியிருந்த விதியை ஆராவமுதன் தாமே ஈரத் துணியால் துடைத்தார். புதிதாக எதுவும் எழுதவில்லை. என்ன எழுதுவது என்று தெரியவில்லை என்று ஒப்புக்கொண்டார். அந்த வாரத்திலிருந்து மாணவர்கள் நட்சத்திரப் பாடத்துக்குப் பிறகு ஜெசிந்தாவிடம் காயத்துக்குக் கட்டுப் போடவும் தொப்புள்கொடி கட்டவும் கற்றுக்கொண்டார்கள். அதற்குப் பிறகு இரண்டு வருஷம் கலாசாலை நடந்தது. 1958-இல் வளையம் ஒரு நாள் ரீங்காரம் போட மறுத்தது. ஏன் என்று கடைசி வரை தெரியவில்லை. ஜெசிந்தா கோவளத்தில் ஒரு பிரசவ விடுதிக்கு வேலைக்குப் போனாள்.

ஆனால் பிரசவம் ஆன பத்தாம் நாள் காலை, இன்ஜின் ஓடத் தொடங்கியதும், முதலில் போகச் சொல்லி ஆராவமுதன் கூப்பிட்டது அவளைத்தான். கறையான் புற்றின் பின்னால் நின்று பார்த்தாள். குடில்களைப் பிரித்துச் சுருட்டிக்கொண்டிருந்தார்கள். வெயில் ஏறுவதற்குள் கூட்டம் நகர்ந்தது. பதினைந்து பேர். தாய் நடுவில் நடந்தாள். நடை சரியாக இருந்தது. முதுகில் தோல் பை, அதில் ஒரு சின்னத் தலை. மூத்தவள் மட்டும் ஒரு தரம் நின்று புற்றுப் பக்கம் திரும்பிப் பார்த்தாள். பிறகு அவளும் போனாள். புல் அவர்களை இடுப்பு வரை, பிறகு தோள் வரை மறைத்தது. கால் கூசும் வரை ஜெசிந்தா இமைக்காமல் நின்றாள்.

திரும்பி வந்ததும் வாசுதேவன் குறிப்பேட்டை விரித்துக்கொண்டு காத்திருந்தான். ஆராவமுதன் அவனைத் தாண்டி முன்னால் வந்தார்.

"இருக்காளா?"

"கெளம்பிட்டாங்க சார். பாப்பா தூங்கிகினு போவுது."

"எந்தப் பக்கம்?"

"கெழக்கால."

ஆராவமுதன் ஜன்னலுக்குப் போனார். அவளும் வாசுதேவனும் பின்னால் போய் நின்றார்கள். வெளியே காலை வெயிலில் கடல் வானம் வரை பளபளத்துக்கொண்டிருந்தது. அதன் அடியில் நடந்து போய்க்கொண்டிருப்பவர்களை, முனிசாமி வந்து காப்பி ஆறுகிறது என்று சொல்லும் வரை, மூன்று பேரும் பார்த்துக்கொண்டு நின்றார்கள்.